அந்தக் கேமரா யாருடையது?

பிப்ரவரி பிறந்தால் சிங்கப்பூரில் ஒரு படத்துண்டு தவறாமல் வந்துவிடும். நான்கு பிரிட்டிஷ் அதிகாரிகள் சாலையில் நடந்து வருகிறார்கள். ஒருவர் தோளில் வெள்ளைக்கொடி, இன்னொருவர் தோளில் யூனியன் ஜாக். கூடவே ஒரு ஜப்பானிய அதிகாரி. அடுத்து புக்கிட் தீமா ஃபோர்ட் தொழிற்சாலைக்குள் ஒரு மேசை. ஒரு பக்கம் யமாஷிதா, எதிரே பெர்சிவல். 1942 பிப்ரவரி 15. பள்ளிக்கூடத்தில் போடுகிறார்கள், முழுமைத் தற்காப்பு தினத்துக்குப் போடுகிறார்கள், தொலைக்காட்சியில் போடுகிறார்கள். நம் தமிழ் அமைப்புகள் நடத்தும் போர்க்கால நினைவுக் கூட்டங்களிலும் போடுகிறார்கள். பின்னணியில் ஒரு சோக வயலின். கீழே ‘சிங்கப்பூரின் வீழ்ச்சி’ என்று ஒரு வரி.

யார் எடுத்த படம் என்று மட்டும் எந்த வரியும் சொல்வதில்லை.

எடுத்தது வென்ற படை. ஜப்பானில் 1939இல் திரைப்படச் சட்டம் வந்தது. மறு வருஷமே செய்திப்பட நிறுவனங்களை எல்லாம் ஒன்றாக்கி அரசின் கைக்குள் கொண்டுவந்தார்கள். அந்த அமைப்பின் படக்காரர்கள் ராணுவத்தோடு மலாயாவில் இறங்கினார்கள். அவர்கள் எடுத்ததைத் தொகுத்து அதே 1942இல் ‘மாரே சென்கி’ என்ற பெயரில் ஜப்பானியத் திரையரங்குகளில் ஓட்டினார்கள். தோற்றவன் தலை குனிந்து வருவதை ஊரில் இருப்பவர்கள் பார்த்து மகிழ வேண்டும், அதற்காக எடுத்த படம். பெர்சிவல் நடந்து வருவதற்கு முன்பே கேமரா சாலையில் இடம்பிடித்து நிற்கிறது, கவனித்துப் பாருங்கள். எண்பது வருஷம் கழித்தும் நாம் நிற்பது அந்த இடத்தில்தான். வயலின் மட்டும் நம்முடையது.

2017 பிப்ரவரியில் பழைய ஃபோர்ட் தொழிற்சாலைக் காட்சிக்கூடத்துக்கு ‘சியோனான்’ என்று பெயர் வைத்தபோது இந்த ஊர் கொதித்தது. ஆக்கிரமித்தவன் வைத்த பெயரை வாசலில் மாட்டுவதா என்று கேட்டார்கள். நியாயமான கேள்வி. சில நாட்களிலேயே பெயரை மாற்றினார்கள், அமைச்சர் வருத்தம் தெரிவித்தார். சரி. பெயர்ப்பலகைக்கு இவ்வளவு ரோஷப்பட்ட நாம், ஆக்கிரமித்தவனின் கண்ணை அப்படியே கடன் வாங்கி நம் பிள்ளைகளின் முகத்தில் மாட்டிக்கொண்டிருக்கிறோமே, அதற்கு யாராவது ஒரு கடிதம் எழுதினார்களா?

இது ஜப்பானியர் கண்டுபிடித்த வித்தையும் இல்லை. போர்முனைக்குக் கேமரா போன முதல் நாளிலிருந்தே இப்படித்தான். 1899 அக்டோபரில் டபிள்யூ.கே.எல். டிக்சன் தென்னாப்பிரிக்காவுக்குக் கப்பலேறினார். எடிசனிடம் வேலை பார்த்து, சினிமாக் கேமராவையே உருவாக்கியதில் பங்குள்ளவர். அவர் போன கப்பலில்தான் பிரிட்டிஷ் தளபதி புல்லரும் போனார், நிருபராக இளைஞர் சர்ச்சிலும் போனார். டிக்சன் கொண்டுபோன பயோகிராஃப் கேமராவை இழுக்க வண்டி வேண்டும், அத்தனை கனம். அதை வைத்துக்கொண்டு துப்பாக்கிச் சண்டையை எப்படி எடுப்பது? பீரங்கியை எடுத்தார், ஆற்றைக் கடக்கும் படையை எடுத்தார், தளபதிகள் அனுமதித்ததை எடுத்தார். லண்டன் ரசிகர்களுக்கு அது போதவில்லை. ராபர்ட் பால் என்பவர் மஸ்வெல் ஹில் கோல்ஃப் மைதானத்தில் ஆட்களுக்கு வேஷம் கட்டிப் போயர் சண்டை எடுத்துக் காட்டினார். நல்ல வசூல். மறு வருஷம் ஜேம்ஸ் வில்லியம்சன் இங்கிலாந்துக் கடற்கரை ஊரான ஹோவ்வில் ஒரு வீட்டுத் தோட்டத்திலேயே சீனப் பாக்ஸர் கலகத்தை எடுத்து முடித்துவிட்டார். ஆக, ஆவணப்படம் என்ற சொல் வருவதற்கு முன்பே, களத்துக்குப் போனவன் எடுக்க முடியாததைக் களத்துக்கே போகாதவன் எடுத்துக் கொடுத்துவிட்டான். பார்க்கிறவனுக்கு இரண்டும் ஒன்று.

டிக்சன் எடுத்ததில் ஒரு துண்டை மட்டும் தமிழர்கள் கொஞ்சம் நின்று பார்க்க வேண்டும். 1900இல் ஸ்பியன் கோப் சண்டையின்போது ஆம்புலன்ஸ் படை டுகெலா ஆற்றைக் கடப்பதைக் காட்டும் படம். வண்டிகள் வரிசையாகப் போகின்றன. அதே ஸ்பியன் கோப்பில் காந்தி திரட்டிய இந்திய ஆம்புலன்ஸ் படை காயம்பட்டவர்களைத் தூளியில் சுமந்தது. மொத்தம் ஏறத்தாழ 1,100 பேர், அதில் 800 பேர் ஒப்பந்தக் கூலிகள். நேட்டாலுக்குப் போன ஒப்பந்தக் கூலிகளில் பெரும்பங்கு சென்னைத் துறைமுகம் வழியாகப் போனவர்கள். ஒரு நாளைக்கு இருபது, இருபத்தைந்து மைல் வரை சுமந்து நடந்தோம் என்று காந்தி எழுதியிருக்கிறார். ஒரு பக்கம் உலகின் முதல் போர்முனைப் படங்களில் ஒன்று, இன்னொரு பக்கம் ‘சாமி’ என்று வெள்ளைக்காரன் கேலியாக அழைத்த நம் ஆட்கள். இரண்டும் ஒரே களத்தில், ஒரே மாதத்தில். பட வரலாறு எழுதுகிறவர்கள் டிக்சனின் கேமரா எடையைப் பற்றி எழுதுகிறார்கள். தூளியின் எடையைப் பற்றி யாரும் எழுதக் காணோம்.

முதல் உலகப்போர்க் கதையும் அதேதான். பிரிட்டிஷ் அரசின் அதிகாரபூர்வப் படக்காரர்கள் பிரான்சில் கால் வைத்தது 1915 நவம்பரில். இந்தியக் காலாட்படை அதற்குள் நவ் ஷாப்பெலையும் லூஸையும் பார்த்து முடித்து, ஆயிரக்கணக்கில் செத்து, மெசபடோமியாவுக்கு மூட்டை கட்டிக்கொண்டிருந்தது. படத்தில் கிடைப்பது அணிவகுப்பும் ஓய்வும்தான். அடுத்த வருஷம் ‘சொம் போர்’ வந்தது. ஜெஃப்ரி மாலின்ஸும் ஜே.பி. மெக்டவலும் எடுத்தது. முதல் ஆறு வாரத்தில் இரண்டு கோடி டிக்கெட் விற்றதாகக் கணக்கு. அதில் வீரர்கள் பதுங்குகுழியிலிருந்து ஏறுவதும் ஒருவர் சரிந்து விழுவதும் போருக்கே அடையாளமாகிவிட்ட காட்சி. அது பயிற்சி மைதானத்தில் நடித்து எடுத்தது என்பது வரலாற்றாய்வாளர்கள் ஒத்துக்கொண்ட முடிவு. அந்தப் படத்தில் உண்மையான காயமும் உண்மையான பிணமும் உண்டு, அதை மறுக்கவில்லை. ஆனால் எது திரும்பத் திரும்ப வெட்டி ஒட்டப்படுகிறது? நடித்ததுதான்.

இப்போது என் பேட்டைக்கு வருகிறேன். தஞ்சோங் பகார். இன்றைக்கு வானளாவிய அலுவலகங்களும் கொரியன் இறைச்சிக் கடைகளும்தான் இந்தப் பெயரைக் கேட்டால் நினைவுக்கு வரும். அன்றைக்கு இது துறைமுகம். கப்பல் பட்டறை, கிடங்கு, மூட்டை தூக்கும் தமிழர்கள், சீனர்கள். 1941 நவம்பரில் சிங்கப்பூருக்கு இந்தியத் துருப்புகள் வந்திறங்கியதை பிரிட்டிஷ் ராணுவப் படக்காரர்கள் எடுத்த புகைப்படங்கள் இருக்கின்றன. கப்பல்துறையில் வரிசை வரிசையாகச் சிப்பாய்கள், புத்தம்புது முகங்கள். ‘பார், எங்களுக்குப் படை வந்துவிட்டது’ என்று காட்ட எடுத்த படம். அந்தக் கப்பல்களிலிருந்து சரக்கு இறக்கியவர்களைத் தேடினால், ஓரத்தில் ஒரு முதுகு கிடைத்தால் அதிர்ஷ்டம். ஜனவரி, பிப்ரவரியில் குண்டு விழ ஆரம்பித்ததும் துறைமுகக் கூலிகள் ஓடிப்போய்விட்டார்கள் என்று பிரிட்டிஷ்காரர்களின் போர்க் குறிப்புகள் குறைப்பட்டுக்கொள்கின்றன. தலைக்கு மேல் குண்டு, பதுங்க இடமில்லை, ஓடாமல் என்ன செய்வான்? ஓடியதை எழுதினார்கள். குண்டு விழுந்த இடத்தில் அதுவரை நின்றதை எந்தக் கேமராவும் பதியவில்லை.

இதே துறையிலிருந்துதான், சரணடைந்த பிறகு, ‘சூக் சிங்’ களையெடுப்பில் பிடிபட்ட பொதுமக்களைப் படகில் ஏற்றிக்கொண்டுபோய் எதிர்க் கடலில் சுட்டார்கள். பிளாக்கான் மத்தியில், அதாவது இன்றைய செந்தோசாவில், கரையொதுங்கிய ஏறக்குறைய 300 உடல்களைப் புதைத்தவர்கள் சரணடைந்திருந்த பிரிட்டிஷ் பீரங்கிப் படையினர். கைது செய்ய ஆள் வரும்வரை காத்திருந்த நேரத்தில் செய்த வேலை. நான் பார்த்த எந்த பிப்ரவரித் தொகுப்பிலும் அந்தப் படகுகள் இல்லை. மேசை இருக்கிறது. வெள்ளைக்கொடி இருக்கிறது. படகு இல்லை. ஏன் என்று சிறுபிள்ளைக்கும் தெரியும்: சுடப்போகிறவன் கூடவே படக்காரனைக் கூட்டிக்கொண்டு போகமாட்டான். அப்படியானால் எடுத்துக்காட்டிய மேசையை மட்டும் ‘வரலாறு’ என்று பெயர் வைத்து ஓட்டலாமா?

துறைமுகத்துக்குப் பக்கத்திலேயே பழைய ரயில் நிலையம். 1932இல் திறந்தது, 2011இல் மூடினார்கள். முகப்பில் நான்கு பளிங்குச் சிலைகள் நிற்கும். சாங்கியிலிருந்த போர்க்கைதிகளைச் சிங்கப்பூரிலிருந்து ரயிலேற்றித்தான் தாய்லாந்தின் பான் போங்குக்கு அனுப்பினார்கள். அரிசி ஏற்றும் இரும்புப் பெட்டிகள், ஒரு பெட்டிக்கு முப்பது பேர் அளவில், நாலைந்து நாள் பயணம். மலாயாத் தோட்டங்களிலிருந்து நம் ஆட்களையும் அதே தண்டவாளத்தில்தான் வடக்கே அள்ளிப்போனார்கள். மூன்று மாத வேலை, நல்ல கூலி என்று ஆசை காட்டி முதலில், அப்புறம் லாரியை நிறுத்திப் பிடித்து. சயாம்–பர்மா ரயில்பாதை 415 கிலோமீட்டர். அதில் உழைத்த போர்க்கைதிகள் 60,000க்கு மேல், இறந்தவர்கள் 12,000க்கு மேல். ஆசியத் தொழிலாளர்கள் இரண்டு லட்சம் அளவில், அதில் இறந்தவர்கள் 90,000 வரை இருக்கும் என்று மதிப்பீடு. மலாயாவிலிருந்து போனவர்களில் பெரும்பாலோர் தமிழர். காஞ்சனபுரியில் போர்க்கைதிகளுக்கு வரிசை வரிசையாகப் பெயர் பொறித்த கல் உண்டு. 1943 அக்டோபரில் பாதை இணைந்த விழாவில் ஓடிய நீராவி இன்ஜினுக்கு டோக்கியோ யாசுகுனி அருங்காட்சியகத்தில் இடம் உண்டு. விழாவைப் படமெடுத்தும் வைத்தார்கள். தண்டவாளத்துக்கு அடியில் கிடக்கிறவனுக்குத்தான் பெயர் பொறித்த கல்லும் இல்லை, படச்சுருளும் இல்லை.

இங்கேதான் நம் ஆட்கள் செய்யும் காரியம் எனக்குப் பொறுக்கவில்லை. மரண ரயில் பற்றித் தமிழில் ஒரு பேச்சு, ஒரு காணொளி என்றால், பின்னால் ஓடும் படங்கள் என்ன? எலும்பும் தோலுமான வெள்ளைக் கைதிகள். அதுவும் போதாவிட்டால் ‘தி பிரிட்ஜ் ஆன் தி ரிவர் க்வாய்’. 1957இல் எடுத்த கதைப்படம், எடுத்த இடம் இலங்கையின் கித்துல்கல. அந்தப் பாலம் வெடிப்பதைக் காட்டி ‘நம் முன்னோர் கட்டிய பாலம்’ என்கிறார்கள். செத்தவனுக்கு முகம் கொடுக்கிறோம் என்று நினைத்துக்கொண்டு, இருக்கிற ஒரே அடையாளத்தையும், அவன் முகம் எங்கேயும் இல்லை என்ற அடையாளத்தையும், அழித்துவிடுகிறார்கள்.

அந்தப் படங்களை என்ன செய்யலாம் என்பதற்கு 1945லேயே ஒரு வழி காட்டியாகிவிட்டது. 1943இல் ஜாவாவில் ஜப்பானியர் ‘காலிங் ஆஸ்திரேலியா’ என்றொரு படம் எடுத்தார்கள். கைதிகளையே நடிக்க வைத்து, நல்ல சாப்பாடு, நீச்சல், பாட்டு, சிரிப்பு என்று. போர் முடிந்ததும் அந்தச் சுருள் நேச நாட்டார் கையில் சிக்கியது. டச்சுக்காரர்கள் அதை எரிக்கவில்லை. அதில் நடிக்க வைக்கப்பட்ட கைதிகளைக் கொண்டே, இந்தக் காட்சி எப்படி எடுத்தது என்று சொல்ல வைத்து ‘நிப்பான் பிரசன்ட்ஸ்’ என்று மறுபடி வெளியிட்டார்கள். படம் அதே படம்தான். யார் எடுத்தது, எதற்கு எடுத்தது என்பது சேர்ந்ததும் பொய்ப்படமே சாட்சியாகிவிட்டது. ஒரு தலைப்பு வரியும் ஒரு குரலும்தான் செலவு. நம் தொகுப்பாளர்களுக்கு அதற்குக்கூட நேரமில்லை.

நேதாஜி விஷயத்தைத் தொட்டால் சிலர் அடிக்க வருவார்கள் என்று தெரியும். தொடாமல் போவது கோழைத்தனம். 1943 ஜூலை 5, பாடாங் திடலில் ‘டெல்லி சலோ’. அக்டோபர் 21, கேத்தே கட்டடத்தில் சுதந்திர இந்திய அரசின் பிரகடனம். ஜான்சி ராணிப் படையில் துப்பாக்கி ஏந்திய தோட்டத்துத் தமிழ்ப் பெண்கள். அந்தப் பழைய அசையும் படங்களைப் பார்க்கும்போது எனக்கும் உடம்பு சிலிர்க்கத்தான் செய்யும். ஆனால் 1943இல் சிங்கப்பூரில் கேமராவும் படச்சுருளும் யாரிடம் இருந்தன? ஜப்பானியரிடம். இந்தியா தங்கள் பக்கம் எழுந்துவிட்டது என்று ஜப்பான் உலகத்துக்குச் சொல்ல வேண்டியிருந்தது. ஐ.என்.ஏ.காரன் தன் விடுதலைக்காக நின்றான், கேமரா தன் எஜமானுக்காக நின்றது. ஒரே சட்டகத்தில் இரண்டும் இருக்கலாம், தப்பில்லை. பாடாங்கில் அந்தப் படம் எடுத்த அதே மாதங்களில் சயாம் காட்டில் காலராவில் தமிழர்கள் செத்துக்கொண்டிருந்தார்கள் என்பதை அந்தச் சட்டகம் சொல்லாது, அவ்வளவுதான். நாமாவது சொல்ல வேண்டாமா?

இதில் இன்னொரு கதை உண்டு. ‘டோக்கியோ ஸ்டோரி’ எடுத்த ஓசு யசுஜிரோவைத் தெரியாத சினிமா ரசிகர் இந்தப் பக்கங்களைப் படிக்கமாட்டார். அவர் 1943இல் ராணுவத்தால் சிங்கப்பூருக்கு அனுப்பப்பட்டார். வேலை: சுபாஷ் சந்திர போஸின் இயக்கம் பற்றி ‘டெல்லிக்கு, டெல்லிக்கு’ என்று ஓர் ஆவணப்படம். தங்கியது கேத்தே கட்டடத்தின் ஐந்தாம் மாடியில், கடல் பார்த்த அறை. அதாவது பிரகடனம் நடந்த அதே கட்டடம். ஓசு புதுசாகப் போரைப் பார்க்க வந்தவர் அல்ல, 1937 முதல் 39 வரை சீனாவில் சிப்பாயாக இருந்தவர். இங்கே வந்து படம் எடுப்பதில் பெரிய ஆர்வம் காட்டவில்லை. டென்னிஸ் ஆடினார், புத்தகம் படித்தார், பறிமுதலான அமெரிக்கப் படங்களைப் போட்டுப் பார்த்தார். ‘சிட்டிசன் கேன்’ பார்த்து அசந்துபோனார். 1945 ஆகஸ்ட்டில் ஜப்பான் சரணடைந்ததும் எழுதிய பிரதியையும் எடுத்த சுருளையும் அழித்துவிட்டார். பிறகு தடுப்புக்காவலில் ரப்பர் தோட்டத்தில் வேலை. ஊர் திரும்பும் கப்பலில் சீட்டுக் குலுக்கலில் தனக்கு விழுந்த இடத்தை வேறொருவருக்கு விட்டுக்கொடுத்துவிட்டுத் தங்கினார்.

ஓசு ரசிகர்கள் இதைச் சொல்லும்போது அந்த விட்டுக்கொடுத்தலில் நெகிழ்ந்துபோவார்கள், ‘சிட்டிசன் கே’னில் கண் விரிப்பார்கள். எரிந்த சுருளில் யார் இருந்தார்கள் என்று ஒருவரும் கேட்பதில்லை. சிங்கப்பூரில் எடுத்த ஐ.என்.ஏ. படம் என்றால் அதில் வரக்கூடிய முகம் யாருடையது? தேக்காவிலும் செம்பவாங்கிலும் மலாயாத் தோட்டங்களிலும் வாழ்ந்தவர்களுடையது. ஒரு மேதையின் வாழ்க்கையில் அது ஒரு பின்குறிப்பு. நமக்கு அது குடும்ப ஆல்பம். பிரச்சாரப் படம்தானே, எரிந்தால் என்ன என்பீர்கள். பிரச்சாரப் படத்தையும் படிக்க முடியும் என்பதற்குத்தான் ஜாவா உதாரணத்தைச் சொன்னேன்.

ஜப்பானியரிலேயே கேமராவை வேறு மாதிரி பிடித்தவர் இருந்தார். கமெய் ஃபுமியோ சீனப் போர்முனையில் எடுத்த ‘போரிடும் வீரர்கள்’, 1939. ராணுவம் வீரம் கேட்டது, அவர் களைத்துப்போன முகங்களையும் எரிந்த வயல்களையும் கொண்டுவந்து கொடுத்தார். படம் வெளிவரவில்லை. 1941இல் கைதானார். எடுக்கத் தெரிந்தவர்கள் இல்லாமல் இல்லை, எடுத்ததைக் காட்டவிடாத கைதான் இருந்தது. அந்தக் கை காட்டவிட்டதை மட்டும்தான் ஒவ்வொரு பிப்ரவரியும் நாம் ஓட்டுகிறோம்.

ஈழத்தை நினைக்காமல் தமிழில் போர்முனைப் படம் பற்றிப் பேச முடியாது. விடுதலைப் புலிகளின் ‘நிதர்சனம்’ களமுனைக்குத் தன் படக்காரர்களை அனுப்பியது. தமிழன் கையில் கேமரா வந்துவிட்டது, ஆனால் அதுவும் தன் பக்கத்துக்காகத்தான் ஓடியது. பிறகு 2011இல் சேனல் 4 காட்டிய துண்டுகளை யோசித்துப் பாருங்கள். கட்டிவைத்துச் சுட்டதை, சுட்டவன் பக்கத்திலிருந்தே கைப்பேசியில் எடுத்தது. அது உலகத்தை உலுக்கியதற்குக் காரணமே அதை எடுத்தவன் யார் என்பதுதான். கேமரா பிடித்த கை எது என்பதை மறைத்திருந்தால் அது இன்னொரு மங்கலான வன்முறைக் காட்சி, அவ்வளவே. 2011இல் இவ்வளவு துல்லியமாக இந்தக் கேள்வியைக் கேட்கத் தெரிந்த நமக்கு, 1942 என்று வந்ததும் ஏன் நாக்கு ஒட்டிக்கொள்கிறது?

படம் இல்லாமல் எப்படி, இளையவர்கள் பார்க்கமாட்டார்கள் என்று ஒரு பதில் தயாராக இருக்கிறது. ஒவ்வொரு கூட்டத்திலும் கேட்கிறேன். ஐயா, நம்மிடம் குரல் இருக்கிறது. ஜப்பானிய ஆட்சிக் காலத்தை வாழ்ந்தவர்களின் பேட்டிகள் 1980களிலிருந்தே தேசிய ஆவணக்காப்பகத்தின் வாய்மொழி வரலாற்றுப் பிரிவில் இருக்கின்றன, தமிழ்க் குரல்களும் அதில் உண்டு. நாவல் இருக்கிறது. ப. சிங்காரத்தின் ‘புயலிலே ஒரு தோணி’ இருக்கிறது, அ. ரெங்கசாமியின் ‘நினைவுச்சின்னம்’ இருக்கிறது. எந்தக் கேமராவும் போகாத இடத்துக்குள் இவை போயிருக்கின்றன. ஒரு கிழவரின் குரலைப் போட்டுவிட்டு, கீழே அவரை அடித்தவன் எடுத்த படத்தை ஓட்டுவது என்ன நியாயம்? அவர் பேசும்போது திரையைக் கருப்பாக விடுங்கள். இரண்டு நிமிஷம் கருப்புத் திரையைப் பார்க்கப் பொறுமையில்லாத பிள்ளைகளா நம் பிள்ளைகள்? எனக்கு அப்படித் தோன்றவில்லை. பொறுமையில்லாதவர்கள் ஏற்பாட்டாளர்கள்.

ஜப்பானியச் சுருளைக் காட்டவே கூடாது என்று நான் சொல்லவில்லை. காட்டுங்கள். ஒவ்வொரு துண்டின் மேலும் எழுதுங்கள்: எடுத்தது யார், எந்தப் படைக்காக, எந்த நாள், முதலில் யாருக்குக் காட்டினார்கள். பிரிட்டிஷ் துண்டுக்கும் அதே. நேதாஜி துண்டுக்கும் அதே. கதைப்படத்தை ஆவணமாக ஒட்டுவதை இன்றோடு நிறுத்துங்கள்.

தஞ்சோங் பகார் ரயில் நிலையத்தை இப்போது பாதுகாத்துப் புதுப்பித்து வருகிறார்கள், பக்கத்திலேயே கன்டோன்மெண்ட் எம்ஆர்டி நிலையம். திறந்தால் உள்ளே எங்காவது ஒரு திரை மாட்டுவார்கள், அதில் ஏதாவது பழைய படம் ஓடும். அந்தத் திரையில் ஓடப்போவதைத் தேர்ந்தெடுக்கும் குழுவில் தமிழ் தெரிந்தவர் ஒருவராவது இருக்க வேண்டும். அந்த ஒருவர் முதல் கூட்டத்திலேயே வெள்ளைக்கொடித் துண்டை நிறுத்தச் சொல்லி, இது யார் எடுத்தது என்று கேட்க வேண்டும்.